எட்டுக் கோயில்

திருநாகேஸ்வரம் முடிந்து பஸ்ஸில் ஏறி உட்கார்ந்ததுமே இடது பக்கம் பால் கட்டத் தொடங்கிவிட்டது. எப்போதும் இடதுதான் முதலில். என் மகள் சஷ்டிகாவுக்கும் இடதுதான் பிடிக்கும், வலதைச் சும்மா கையால் தட்டிக்கொண்டே இடதைக் குடிப்பாள், கதவைத் தட்டிவிட்டு ஜன்னல் வழியாக உள்ளே போகிறவள் மாதிரி. இன்றைக்கு விடிவதற்கு முன்னாலேயே அவள் தூங்கும்போது எழுந்து வந்துவிட்டேன். ரவிக்கைக்குள் பழைய துண்டைக் கிழித்து மடித்து வைத்திருக்கிறேன், தாங்குமா, தாங்கணும், ஒன்பது கோயிலில் மூன்றுதான் முடிந்திருக்கிறது. பஸ்ஸின் முன்னால் நின்றுகொண்டு கைடு சார் மைக்கைத் தட்டுகிறார். "தாய்மாரே, ராகு பகவான் மேல ஊத்தின பால் நீலமா மாறினதைக் கண்ணால பாத்தீங்கல்ல? பாக்காதவங்க கை தூக்குங்க!" ஒருத்தரும் தூக்கவில்லை. நான் பார்த்தேனா? பார்த்தேன். குடத்திலிருந்து வெள்ளையாக விழுந்து, தோளில் பட்டு இறங்கும்போது நீலம் மாதிரிதான் இருந்தது, எல்லோரும் கன்னத்தில் போட்டுக்கொண்டார்கள், நானும் போட்டுக்கொண்டேன், ஆனால் எனக்குள் ஓடினது ஒன்றுதான்: இவ்வளவு பால் கீழே போகிறதே. பக்கத்து சீட்டில் கரூர் சரோஜாக்கா, காலையில் ஏறின நேரத்திலிருந்து வாய் ஓயாமல் முறுக்கு, இப்போது எனக்கும் ஒன்று நீட்டுகிறார். "தின்னு கண்ணு. சாமிக்கு முன்னாடி வயிறு காஞ்சு நின்னா சாமிக்கா லாபம்?" தின்கிறேன். தின்னத் தெரிந்த பெண்ணுக்குத் தின்னத் தெரியாத பிள்ளை. ரெண்டரை வயசு முடிந்துவிட்டது, ஒரு பிடி சோறு உள்ளே போவதற்குள் வீடே சர்க்கஸ் ஆகிவிடும். இட்லியைத் துப்புவாள், பருப்புச் சோறைத் தலையில் தேய்த்துக்கொள்வாள், கடைசியில் என் முந்தானையை இழுத்து, "பாச்சி." அவ்வளவுதான், அதுதான் காலைச் சாப்பாடு, மதியச் சாப்பாடு, எல்லாம். போன வாரம் நர்ஸம்மா அவள் கண் இமையைக் கீழே இழுத்துப் பார்த்துவிட்டு, "என்னம்மா இது, சுண்ணாம்பு அடிச்ச செவுரு மாதிரி வெளுத்துக் கெடக்கு" என்றார். "பால் நல்லதுதான், யாரு இல்லன்னது. ஆனா இந்த வயசுல பாலே சோறாவாது. வயித்த அடைச்சுக்கிட்டு எடமே விட மாட்டேங்குது. இப்படியே போனா பெரியாஸ்பத்திரியில ரத்தம் ஏத்தணும்னு எழுதிடுவாங்க. ரெண்டு பகலு, நடுவுல ஒரு ராத்திரி, நீ அவ கண்ணுல படாம இரு. பசிச்சா தின்னுதான் ஆவணும்."

ரத்தம் ஏத்தறது என்றால் அந்தச் சின்னக் கையில் எங்கே குத்துவார்கள். பச்சை நரம்பு தெரிகிற இடத்திலா. வேண்டாம், அந்தப் பக்கம் போகாதே, ஜன்னலைப் பார், வாழைத் தோப்பு, செங்கல் காளவாய், சைக்கிளில் கீரைக்கட்டு. நான் ஒன்றும் சும்மா இருந்தவள் இல்லை. வேப்பிலையை அரைத்துத் தடவினேன். ஒரு வாய் வைத்தாள், முகத்தைச் சுளித்தாள், எழுந்து போனாள், ஜெயித்துவிட்டேன் என்று நினைத்தேன், கொல்லையிலிருந்து ஈரத்துணியை இழுத்துக்கொண்டு வந்து துடைத்துவிட்டு உட்கார்ந்து குடித்தாள். பிறகு குங்குமத்தைக் குழைத்துப் பூசி, அய்யோ அம்மாவுக்குப் புண்ணு, ரத்தம் பாரு என்று அழுதேன். அவள் அதைக் கொஞ்ச நேரம் பார்த்தாள். குனிந்து ஊ ஊ என்று ஊதினாள். ஊதிவிட்டு, வலிக்காத மாதிரி மெதுவாகக் குடித்தாள். அன்றைக்கு என் வீட்டுக்காரர் பாஸ்கர் சிரித்து உருண்டார், நானும் சிரித்தேன், சிரிப்பு எங்கே முடிந்து மற்றது எங்கே தொடங்கியது என்று தெரியவில்லை. அதற்குப் பிறகுதான் இந்த டூர். கும்பகோணத்தில் மங்கை சித்தி வீட்டில் போய் உட்கார்ந்திருக்கலாம், ஆனால் எனக்கு என்னைத் தெரியும். பத்து மணிக்கெல்லாம் செருப்பை மாட்டிக்கொண்டு ஓடிவந்திருப்பேன். ஓடுகிற பஸ்ஸில் ஏறிவிட்டால் இறங்க முடியாது பார். பகல் முழுக்கக் கோயில், ராத்திரி சித்தி வீடு, நாளைக்குச் சாயங்காலம் வீடு. பாஸ்கர் தன் குட்டியானை லோடு வண்டிக்கு ரெண்டு நாள் ஓட்டம் எடுக்கவில்லை. "லோடு ஏத்தறவனுக்கு ஒரு புள்ளையத் தூக்கத் தெரியாதா, நீ போ வினோ" என்றார். வேகமாகச் சொன்னார். ராத்திரி அவர் தூங்கவில்லை, எனக்குத் தெரியும்.

சூரியனார் கோயிலில் வெயில். சூரியன் வீட்டில் வேறென்ன இருக்கும். பிராகார நிழலில் எங்களை நிற்க வைத்துக் கைடு சார் கதை சொல்கிறார், சூரியனோட சம்சாரம் உஷாதேவிக்குப் புருஷன் சூடு தாங்கலையாம், தன் நிழலையே ஒரு பொம்பளையாக்கி, பேரு சாயாதேவி, வீட்டில் விட்டுவிட்டு அப்பா வீட்டுக்குப் போய்விட்டாளாம். பிள்ளைகளுக்கு ரொம்ப நாள் வித்தியாசமே தெரியலையாம். "அந்த நெழலுக்குப் பொறந்தவருதான் இன்னிக்குக் கடைசியா நாம பாக்கப்போற சனீஸ்வரர்." சரோஜாக்கா என் காதில், "இந்த வித்தை நமக்குத் தெரிஞ்சா நெழல அடுப்படியில நிறுத்திப்போட்டு நாம டூரே போயிட்டிருக்கலாங் கண்ணு." சிரித்தேன். நானும் விட்டுவிட்டுத்தான் வந்திருக்கிறேன், நேற்றுப் போட்டிருந்த நைட்டியை, துவைக்காமல், அவள் தலைமாட்டில். புரண்டு படுத்தால் வாசனை பட்டுத் தூங்கிவிடுவாள் என்று. பிள்ளைகளுக்கு ரொம்ப நாள் வித்தியாசமே தெரியலையாம். அதை ஏன் அந்த ஆள் சொன்னார். பாலை மறந்தால் என்னை மறந்துவிடுவாளா? இல்லை, அது பைத்தியக்காரத்தனம், அரசாங்க ஸ்கூலில் பத்தாவது வரை படித்த பொம்பளை யோசிக்கிற யோசனையா இது, மாடு கன்றுகூட மறக்காது. ஆனால் அவள் என்னை வேறு எதற்காகக் கூப்பிட்டிருக்கிறாள்? விழுந்தால் பாச்சி. பயந்தால் பாச்சி. ரோட்டில் ஆம்புலன்ஸ் போனால் பாச்சி. அம்மா என்று சொன்னால்கூட அதற்கு அடுத்த வார்த்தை அதுதான். அடுத்த வார்த்தையைப் பிடுங்கிவிட்டால் முதல் வார்த்தை நிற்குமா. கஞ்சனூரில் வரிசையில் நிற்கும்போது முன்னால் யாரோ ஒருத்தியின் தோளில் கைக்குழந்தை ஒன்று வீரிட்டது, அவ்வளவுதான், யாரோ பெற்ற பிள்ளை, என் உடம்புக்கு அது தெரியவில்லை, குழாயைத் திறந்துவிட்ட மாதிரி ரெண்டு பக்கமும் சுரீர் என்று இறங்கிவிட்டது. துண்டு நனைந்து, ரவிக்கை நனைந்து, முந்தானையை இழுத்துச் சுற்றிக் கையைக் கட்டிக்கொண்டு நிற்கிறேன், சன்னதியில் எல்லோரும் கைகூப்ப நான் மட்டும் சண்டைக்கு நிற்கிறவள் மாதிரி. சரோஜாக்கா பார்த்துவிட்டார். "கைப்புள்ளைய உட்டுப்போட்டா வந்திருக்கற?" "கைப்புள்ளை இல்லக்கா, ஓட்டப்புள்ளை. பால் மறக்கடிக்க வந்திருக்கேன்." அவர் தன் பையிலிருந்து ஒரு சின்ன டவலை எடுத்துக் கையில் திணித்தார். "எம் பெரியவன் நாலு வயசு வரைக்கும் குடிச்சானாக்கும். இப்ப போன் பண்ணா ரெண்டு வார்த்தைக்கு மேல பேசறதில்ல. எவ்வளவு குடிச்சாங்கறதுல ஒண்ணுமில்ல கண்ணு." அது ஆறுதலா என்று எனக்குப் புரியவில்லை, ஆனால் டவல் நன்றாக இருந்தது.

மதியத்துக்கு நடை சாத்திவிடுவார்கள், அதனால் வைத்தீஸ்வரன்கோயில் போய்ச் சாப்பாடு, ஓய்வு, நாலு மணிக்கு மறுபடி தரிசனம் என்கிறார் கைடு சார். எனக்குக் காதில் விழுவது ஒன்றுதான்: பஸ் குத்தாலம் வழியாகப் போகிறது. எங்கள் ஊருக்குத் திரும்புகிற ரோடு குத்தாலம் தாண்டினதும். டூர் ஏறும்போது இது எனக்குத் தெரியாதா? தெரியும். தெரிந்தும் யோசிக்காமல் விட்டேன், அல்லது யோசித்துத்தான் விட்டேனா. பாஸ்கருக்குப் போன் அடித்தேன். "தின்னுச்சா?" "இல்ல." "இட்லி?" "தூக்கி அடிச்சிடுச்சு." "சர்க்கரை தொட்டுக் குடுத்தீங்களா?" "சர்க்கரைய மட்டும் நக்கிட்டு இட்லிய எனக்கு ஊட்டுது." பின்னால் அழுகை கேட்கிறது, அது கோப அழுகை இல்லை, எனக்கு ஒவ்வொன்றும் தெரியும், இது தொண்டை வறண்டு இழுக்கிற அழுகை. "வினோ, காலையிலேருந்து வாசலையே பாத்துக்கிட்டு நிக்குது. ஒரு தடவ வந்து மொகத்தக் காட்டிட்டுப் போறியா?" போனை வைத்துவிட்டேன். பஸ் திரும்புகிறது, பெட்ரோல் பங்க், சிமெண்ட் கடை, அதற்கடுத்து எங்கள் வளைவு, வளைவில் பெயர்ப்பலகை, பலகைக்குக் கீழே யாரோ இளநீர் விற்கிறார்கள். டிரைவர் அண்ணே ஒரு நிமிஷம், அவ்வளவுதான் சொல்லணும். இறங்கினால் ஓட்டநடையில் வீடு. வாசலில் நிற்கிறாள், என்னைப் பார்த்ததும் முகம் எப்படி ஆகும் என்று எனக்குத் தெரியும், மூக்கு முதலில் சுருங்கும், அப்புறம் ஓடிவருவாள், நான் உட்காருவேன், இந்த வலி, இந்தக் கல், எல்லாம் ஒரே நிமிஷத்தில் இறங்கிவிடும். அப்புறம்? அப்புறம் அவள் இமையை இழுத்துப் பார்த்தால் வெள்ளை. நாளைக்கும் வெள்ளை. முன் சீட்டின் கம்பியை ரெண்டு கையாலும் பிடித்துக்கொண்டேன். எழுந்திருக்கிறதா இல்லையா, கால் எழுந்திருக்கப் பார்க்கிறது, கை விடமாட்டேன் என்கிறது, எனக்குள்ளேயே ரெண்டு பேர் கயிறு இழுக்கிற மாதிரி. பலகை வந்தது. இளநீர்க்காரர் ஒரு காயைச் சீவிக்கொண்டிருந்தார். பலகை போய்விட்டது. நான் கம்பியை விடவில்லை, மயிலாடுதுறை வரும்வரை விடவில்லை, விட்டபோது உள்ளங்கையில் கம்பியின் கோடு சிவப்பாக இருந்தது. சரோஜாக்கா தூங்கிப் போயிருந்தார், வாயில் பாதி முறுக்கு.

சாப்பாடு போட்ட கல்யாண மண்டபத்தில் நான் முதலில் தேடினது பாத்ரூம். தாழ்ப்பாளைப் போட்டுவிட்டுச் சுவரைப் பார்த்து நின்று கையாலேயே பீச்சிவிட்டேன். முழுக்க எடுக்கக் கூடாது, எடுத்தால் மறுபடி ஊறும், வலி அடங்குகிற அளவுக்கு மட்டும், நர்ஸம்மா சொன்னது. வெள்ளையாகவே போனது. ராகு மேல் விழாத பால் நீலமாகாது போல. தண்ணீர் ஊற்றிக் கழுவினேன், முகத்தையும் கழுவினேன், வெளியே வந்து ரெண்டு தடவை சோறு வாங்கித் தின்றேன், வத்தக்குழம்பு நன்றாக இருந்தது, இருந்ததை இல்லை என்று சொல்ல முடியுமா. சாயங்காலம் செவ்வாயைக் கும்பிட்டேன், திருவெண்காட்டில் புதனைக் கும்பிட்டேன், என்ன வேண்டிக்கொண்டாய் என்று யாராவது கேட்டிருந்தால் சொல்ல வெட்கமாக இருந்திருக்கும். எல்லோரும் வேலை, வீடு, கல்யாணம் என்று கண்ணை மூடிக்கொண்டிருக்க நான் மட்டும், சாமி, ஒரு வாய் சோறு, ஒரு வாய். திருவெண்காட்டுக் குளத்தங்கரையில் போன் வந்தது. பாஸ்கர் மூச்சு வாங்குகிறார். "வினோ! தின்னுச்சு!" "என்னாது?" "தயிர்சோறு. நான் தட்டுல போட்டு எனக்குத் தின்னுக்கிட்டிருந்தேன். அதப் பாக்கவே இல்ல, வேணுமான்னுகூடக் கேக்கல. பக்கத்துல வந்து உக்காந்து என் கைய இழுத்து வாயில வெச்சுக்கிச்சு. நாலு வாய். நல்ல பெரிய வாய்!" "உங்க கைக்கா?" "என் கைக்குத்தான். காக்கா கதைகூடச் சொல்லல." என் கைக்குத் தின்னாதவள். சந்தோஷமா இருந்தது. சந்தோஷத்துக்குள் ஒரு சின்ன முள் இருந்தது, அதை அப்புறம் எடுத்துக்கொள்ளலாம். சரோஜாக்காவிடம் சொன்னேன், அவர் பஸ் முழுக்கச் சொல்லிவிட்டார், கடைசி சீட்டில் இருந்த ரிட்டயர்ட் சார் ஒருத்தர் எழுந்து நின்று கைதட்டினார், நானும் மந்திரி மாதிரி எல்லோருக்கும் கும்பிடு போட்டேன்.

கீழப்பெரும்பள்ளத்தில் கேது, எட்டாவது. அங்கிருந்து கிளம்பும்போதுதான் கைடு சார் மைக்கை எடுத்து, "இனிமே திருநள்ளாறு ஒண்ணுதான். சனீஸ்வரன நேருக்கு நேரா நிக்காம ஓரமா நின்னு கும்பிடணும். முக்கியமா ஒண்ணு. ஒம்போதும் முடிச்சவங்க நேரா அவங்கவங்க வீட்டுக்குத்தான் போவணும். வேற யார் வீட்டு வாசப்படியும் மிதிக்கப்படாது. கழிச்ச தோஷத்த அங்க எறக்கி வெச்ச மாதிரி ஆயிடும்" என்றார். எல்லோரும் தலையாட்டினார்கள். எனக்குத் தலை ஆடவில்லை. சித்தி வீடு. எப்படி யோசிக்காமல் போனோம், நானும் சரி பாஸ்கரும் சரி, விளம்பரத்தில் ஒன்பது கோயில் பார்த்தோமே தவிர இதைப் பார்க்கவில்லையே. சித்தியிடம் கோயில் டூர் என்று மட்டும்தான் சொல்லியிருந்தேன். சொல்லாமலே போய்விடலாமா? அது முடியாது, படியில் கால் வைக்கும்போது எனக்கே உறுத்தும். போன் போட்டேன். நவக்கிரகம் என்றதும் சித்தி, "அய்யய்யோ" என்றார். "ஏன்டி, மொதல்லயே சொல்லப்படாதா? இப்பத்தான் நம்ம பையன் தினகரனுக்குக் கல்யாணம் பேசி முடிச்சிருக்கு, பொண்ணு வீட்டுலேருந்து நாளைக்குத் தட்டு எடுத்துக்கிட்டு வர்றாங்க. கோச்சுக்காதடி வினோ, உன்ன வேணாங்கல. இன்னிக்கு மட்டும் நேரா உன் வீட்டுக்குப் போயிடு தாயி." கோபம் வரவில்லை, நான் சித்தி இடத்தில் இருந்தாலும் அதைத்தான் சொல்லியிருப்பேன். பாஸ்கரிடம் சொன்னால் குரலில் அவ்வளவு வெளிச்சம். "வந்துடு வினோ, நாலு வாய் தின்னுடுச்சுல்ல, போதும்." போதாது. வீட்டுக்குள் நான் நுழைந்தால் அவள் தூங்கிக்கொண்டிருந்தாலும் தெரிந்துவிடும், கண்ணைத் திறக்காமலே உருண்டு வந்து தேடிப் பிடிப்பாள், தெரியாமல் நானும் கொடுப்பேன், தூக்கத்தில் யார் யாரைத் தடுப்பது. காலையில் தயிர்சோறும் இல்லை நாலு வாயும் இல்லை. லாட்ஜா, தனியாகப் போய் நின்றால் ஆயிரம் கேள்வி. பஸ் ஸ்டாண்டா, அவர் விட மாட்டார். வீட்டுக்குப் போனால் பால், போகாவிட்டால் சனி, சுற்றிச் சுற்றி அதே இடத்தில் வந்து முட்டுகிறது யோசனை, செக்கு மாடு மாதிரி, பால், சனி, பால், சனி. ஒன்பதும் முடித்தால் நேராக வீடு. ஒன்பதும் முடித்தால். முடித்தால்தானே?

எழுந்து கம்பியைப் பிடித்துப் பிடித்து முன்னால் போனேன். "சார், ஒரு சந்தேகம். எட்டு பாத்துட்டு ஒண்ணப் பாக்கலன்னா?" அவர் கண்ணாடியை இறக்கிப் பார்த்தார். "அப்ப அது நவக்கிரக யாத்திரையே இல்லம்மா. எட்டுக் கோயில் பாத்திருக்கீங்க, அவ்வளவுதான்." "அப்ப யார் வீட்டுக்கு வேணும்னாலும் போவலாமா?" "தாராளமா போவலாம். ஆனா யாரும்மா அப்படி விடுவாங்க? சனீஸ்வரருக்காகத்தான் முக்காவாசி சனம் டிக்கெட்டே எடுக்குது." சித்திக்கு மறுபடி போன். அவர் யாரிடமோ கேட்கிறார், அப்புறம் சிரிப்பு. "எட்டுதானே? அப்ப வாடி. தோசைக்கு மாவு இருக்கு." இப்போது திருநள்ளாறு. எல்லோரும் செருப்பைக் கழற்றிவிட்டு வேகமாகப் போகிறார்கள், சரோஜாக்கா என் கையைப் பிடித்து இழுக்கிறார். "கண்ணு, அவரு பொல்லாதவரு. வாசல் வரைக்கும் வந்துட்டு மொகத்தத் திருப்பினா நெனப்புல வெச்சுக்குவாரு." அதுதான் எனக்கும் பயம். ஏழரை வருஷம் என்பார்களே, என் மேல் இறங்கினால் பரவாயில்லை, அவள் மேல் இறங்கினால்? கோபுரத்தைப் பார்க்கிறேன், பார்க்கலாமா, கோபுரம் பார்த்தால் தரிசனம் கணக்கா, கண்ணைத் தாழ்த்திக்கொள்கிறேன், தரையைப் பார்த்தே பேசுகிறேன். சனீஸ்வரா, உன்னை மதிக்காமல் நிற்கவில்லை. எனக்கு இன்றைக்கு ஒரு ராத்திரி வேண்டும், அதற்குத்தான். அவளுக்குக் கண்ணில் ரத்தம் ஏறட்டும், அவளையே நடக்க வைத்துக் கூட்டிக்கொண்டு வருகிறேன், அன்றைக்கு ஓரமாக நின்று கும்பிடுகிறோம். இப்போது கோபப்பட்டால் படு. நான் உள்ளே வரப்போவதில்லை. சொல்லி முடித்ததும் பயம் போய்விட்டது என்று சொன்னால் பொய், பயம் அங்கேயேதான் இருந்தது, நான்தான் அதன் பக்கத்தில் சவுகரியமாக உட்கார்ந்துகொண்டேன், எல்லோருடைய பைகளுக்கும் காவலாக. போன் அடிக்கிறது. பாஸ்கர் இல்லை, அவர் போனைப் பிடுங்கிக்கொண்டு அவளே. மூச்சு. "ம்மா." அடுத்த வார்த்தை வரப்போகிறது, வரட்டும். "ம்மா. வா." அவ்வளவுதான், வா மட்டும்தான், அடுத்தது வரவில்லை. ரெண்டு பக்கமும் சுரீர் என்று இறங்கியது. "நாளைக்கு வர்றேன்டி தங்கம். அப்பாகிட்ட மம்மம் தின்னு" என்று சொல்லி, நானே கட்டைவிரலால் கட் பண்ணினேன். டவலை மாற்றி வைத்துக்கொண்டேன். விளக்கு போட்ட பிறகு ஒவ்வொருத்தராக வந்தார்கள், பஸ் ஏறினார்கள், சரோஜாக்கா என்னைத் திட்டிக்கொண்டே எனக்கு இடம் பிடித்து வைத்தார். கைடு சார் தலைகளை எண்ணிவிட்டு மைக்கைத் தட்டினார். "எல்லாருக்கும் சனீஸ்வர தரிசனம் நல்லபடியா ஆச்சா?" "ஆச்சு!" என்று பஸ்ஸே அதிர்ந்தது. நான் கையைத் தூக்கி, பின் சீட்டு வரைக்கும் கேட்கிற மாதிரி, "எனக்கு ஆவல சார்!" என்றேன்.